பிரைம் சஸ்பெக்ட் முழுத் தொகுப்பு: 15 ஆண்டுகள், 15 படங்கள், ஒரு ஹெலன் மிரன்

‘முழுத் தொகுப்பு’ என்று அட்டையில் போட்டிருந்தாலும் டிஸ்க் பெட்டியைத் திருப்பி, பின்பக்கத்தைப் படித்துவிட்டுத்தான் காசைக் கொடுக்க வேண்டும். ஹெலன் மிரன் நடித்த பிரிட்டிஷ் போலீஸ் தொடரான பிரைம் சஸ்பெக்ட் மொத்தம் 7 பகுதிகள். நான்காம் பகுதியில் மட்டும் மூன்று படங்கள், மற்ற ஆறிலும் இரண்டிரண்டு. ஆக 15 படங்கள், ஒவ்வொன்றும் சுமார் 100 நிமிடம், மொத்தம் ஏறக்குறைய 25 மணி நேரம். சில பதிப்புகளில் நீளமான படங்களைத் துண்டு போட்டு எபிசோடுகளாக அடுக்கியிருப்பார்கள். அப்போது எண்ணிக்கை மாறும், ஆனால் மணிக்கணக்கு மாறாது. அதனால் எண்ணிக்கையை விட்டு, நிமிடங்களைக் கூட்டிப் பாருங்கள். முதல் பகுதி மட்டுமே 200 நிமிடத்துக்குக் குறையாது.

1991 ஏப்ரலில் பிரிட்டனின் ஐ.டி.வி.யில் தொடங்கி 2006 அக்டோபரில் முடிந்த தொடர் இது. தயாரித்தது கிரனடா நிறுவனம். ஜேன் டெனிசன் என்ற போலீஸ் அதிகாரியாக ஹெலன் மிரன் முதல் பகுதியில் வந்தபோது அவருக்கு வயது 45, கடைசிப் பகுதியில் 61. ஒரு நடிகை நடுவயதில் ஒரு வேடத்தை ஏற்று, அந்த வேடத்தோடு சேர்ந்தே வயதாகி, அந்த வேடத்திலேயே பணி ஓய்வும் பெறுவதை ஒரே பெட்டிக்குள் பார்க்கக் கிடைப்பது மிக அபூர்வம். மிரனின் திறமையை அறிய ஒரே ஒரு பொருள்தான் வாங்க முடியும் என்றால், ஆஸ்கர் வாங்கிய ‘தி குயின்’ படத்தை விட்டுவிட்டு இதைத்தான் வாங்கச் சொல்வேன்.

பெயரைப் பார்த்து ஏமாறுவதுதான் அதிகம் நடக்கும் தவறு. இதே பெயரில் 2011-ல் அமெரிக்காவின் என்.பி.சி. ஒரு தொடர் எடுத்தது. அதில் நாயகி மரியா பெல்லோ, மொத்தம் 13 எபிசோடுகள். 2017-ல் ‘பிரைம் சஸ்பெக்ட் 1973’ என்று இளவயது டெனிசனின் கதையை 6 எபிசோடுகளாக எடுத்தார்கள். அதில் ஸ்டெஃபனி மார்டினி. இரண்டிலும் மிரன் கிடையாது. இணையக் கடைகளில் தேடும்போது மூன்றும் கலந்துதான் வரும். ஆண்டும் முகமும் பொருந்துகிறதா என்று பார்த்து எடுக்க வேண்டும்.

அடுத்தது ரீஜன், அதாவது எந்த நாட்டு டிஸ்க் எந்த நாட்டு பிளேயரில் ஓடும் என்று பிரிக்கும் குறியீடு. பிரிட்டிஷ் டிவிடி ரீஜன் 2, அமெரிக்க டிவிடி ரீஜன் 1, இந்தியாவுக்கான டிவிடி ரீஜன் 5. ப்ளூ-ரேயில் அமெரிக்கா ‘ஏ’, பிரிட்டன் ‘பி’, இந்தியா ‘சி’. ஆக எங்கிருந்து வரவழைத்தாலும் இங்கே வாங்கிய பிளேயர் அதை மறுக்க வாய்ப்புண்டு. டிவிடி பிளேயர்கள் பலவற்றில் ரிமோட்டில் சில எண்களை அழுத்தி ரீஜன் பூட்டைத் திறந்துவிடலாம். உங்கள் மாடலுக்கு அந்த வழி உண்டா என்பதை டிஸ்க் வாங்கும் முன்பே தெரிந்துகொள்ளுங்கள். ப்ளூ-ரே பிளேயரில் அது அத்தனை சுலபமில்லை. கணினியின் டிவிடி டிரைவில் பார்ப்பவர்கள் ஒன்றை மறக்கக் கூடாது: ரீஜனை 5 தடவைதான் மாற்ற முடியும். ஐந்தாவது மாற்றத்தோடு டிரைவ் அந்த ரீஜனிலேயே நிரந்தரமாக நின்றுவிடும். இந்த ஒரு தொகுப்புக்காக மாற்றி மாற்றி வைத்து விளையாட வேண்டாம்.

டிவிடியில் எந்தப் பதிப்பு என்று கேட்டால், பிளேயர் இடம் கொடுக்கும்வரை பிரிட்டிஷ் பதிப்புதான். காரணம் எளிது. பிரிட்டிஷ் தொலைக்காட்சி நொடிக்கு 25 சட்டங்களில் (ஃபிரேம்களில்) ஓடுவது. ‘பால்’ (PAL) எனப்படும் பிரிட்டிஷ் முறை டிவிடியில் அது அப்படியே, 576 கோடுகளில் உட்கார்ந்துவிடும். என்.டி.எஸ்.சி. எனப்படும் அமெரிக்க முறை டிவிடியில் கோடுகள் 480-ஆகக் குறையும், நொடிக்கு ஏறக்குறைய 30 சட்டங்களாக மாற்றவும் வேண்டும். அந்த மாற்றத்தில்தான் கோளாறு வரும். கேமரா பக்கவாட்டில் நகரும்போது ஓர் உருவத்தின் மேல் இன்னொன்று மங்கலாகப் படியும். டெனிசன் தாழ்வாரத்தில் விறுவிறுவென்று நடந்துபோகும் காட்சிகள் இதில் ஏராளம். அங்கெல்லாம் கண்ணை உறுத்தும்.

சப்டைட்டில் விஷயத்தில் இன்னொரு கண்ணி இருக்கிறது. அட்டையில் ‘குளோஸ்டு கேப்ஷன்’ என்று மட்டும் இருந்தால், அது பழைய டிவி முறை. எச்.டி.எம்.ஐ. கம்பி வழியாக அந்த எழுத்து வராது, படம் மட்டும்தான் வரும். ‘சப்டைட்டில்’ அல்லது ‘எஸ்.டி.எச்.’ (காது கேளாதோருக்கான சப்டைட்டில்) என்று தெளிவாகப் போட்டிருக்க வேண்டும். ஆங்கிலம் நன்றாகத் தெரிந்தவர்களும் இதில் சப்டைட்டில் இல்லாமல் உட்கார வேண்டாம். லண்டன் தெருப்பேச்சு, ஐந்தாம் பகுதியில் மான்செஸ்டர் பேச்சு, போதாததற்கு நான்கு போலீஸ்காரர்கள் ஒரே நேரத்தில் பேசுவது. பாதிக் கதை போய்விடும். தமிழ் எழுத்தை எதிர்பார்க்காதீர்கள்.

டிவி அமைப்பில் இரண்டு வேலைகள் செய்ய வேண்டும். முதல் ஐந்து பகுதிகளும் பழைய 4:3 சட்டத்தில் எடுக்கப்பட்டவை, கடைசி இரண்டும் அகலமான 16:9. டிவியில் ‘வைட்’ அல்லது ‘ஜூம்’ போட்டு வைத்திருந்தால் மிரனின் முகம் பூசணிக்காயாக விரியும், இல்லாவிட்டால் நெற்றியும் தாடையும் வெட்டுப்படும். ‘ஒரிஜினல்’ அல்லது ‘4:3’ என்று வைத்து, இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை வந்தால் வரட்டும் என்று விட்டுவிடுங்கள். ஆறாம் பகுதிக்கு வரும்போது மறக்காமல் மாற்றுங்கள். இரண்டாவது வேலை, அசைவை வழவழப்பாக்கும் அமைப்பை அணைப்பது. அது ஓடினால் பிலிமில் எடுத்த இந்தத் தொடர் ஸ்டூடியோ சீரியல் மாதிரி தெரியும். படத்தில் மணல்மணலாகத் தெரிவது பிலிமின் இயல்பு, டிஸ்க்கின் குறையல்ல. அதைத் துடைக்கும் ‘நாய்ஸ் ரிடக்‌ஷன்’ அமைப்பையும் அணைத்தால்தான் முகத்தின் நுண்ணிய கோடுகள் தெரியும். அந்தக் கோடுகளுக்காகத்தானே இதை வாங்குகிறோம்!

இனி உள்ளே இருப்பதைப் பார்ப்போம்.

முதல் பகுதியை எழுதியவர் லிண்டா லா பிளான்ட், இயக்கியவர் கிறிஸ்டோபர் மெனால். லண்டன் போலீசில் உண்மையிலேயே டிடெக்டிவ் சீஃப் இன்ஸ்பெக்டராக இருந்த ஜாக்கி மால்டனிடம் லா பிளான்ட் விவரம் கேட்டு எழுதினார். அந்தப் பதவியில் அன்று இருந்த பெண்களைக் கைவிரல்களிலேயே எண்ணிவிடலாம். கதை தொடங்கும்போது வழக்கு டெனிசனிடம் இல்லை. ஷெஃபர்ட் என்ற ஆண் அதிகாரி நடத்துகிறார், டெனிசன் வேலையின்றி உட்கார்ந்திருக்கிறார். ஷெஃபர்ட் மாரடைப்பில் இறந்த பிறகு, மேலதிகாரி கெர்னனிடம் போய் ‘எனக்குக் கொடுங்கள்’ என்று கேட்டு வாங்குகிறார். செத்தவன் நாற்காலி சூடு ஆறுவதற்குள் வந்து உட்கார்ந்துவிட்டாள் என்று மொத்தக் குழுவும் கறுவுகிறது. அந்தக் கறுவலின் முகம் சார்ஜென்ட் ஆட்லி. நடித்தவர் டாம் பெல்.

மிரன் இங்கே செய்வதை உற்றுப் பாருங்கள். கத்துவதில்லை. நல்லவள் என்று பெயர் வாங்கவும் முயல்வதில்லை. குழுவினரிடம் தன்னை ‘பாஸ்’ என்றோ ‘கவர்னர்’ (மேலதிகாரியைக் குறிக்கும் அங்கத்திய பேச்சுவழக்கு) என்றோ கூப்பிடச் சொல்கிறார். ‘மேம்’ வேண்டாம், நான் ஒன்றும் ராணி இல்லை என்கிறார். 15 ஆண்டுகள் கழித்து அதே மிரன் ராணியாகவே நடித்த ‘தி குயின்’ படத்தில், பிரதமராகப் போகும் டோனி பிளேருக்கு அரண்மனைக்காரர்கள் பாடம் எடுப்பார்கள்: ராணியை ‘மேம்’ என்று குறுக்கிச் சொல்ல வேண்டும், ‘மாம்’ என்று நீட்டக் கூடாது. முதல் டிஸ்க்கையும் அந்தப் படத்தையும் அடுத்தடுத்துப் பார்த்தால் அந்த ஒரு சொல் இரண்டு இடத்திலும் என்ன வேலை செய்கிறது என்பது தெரியும். ஒரு இடத்தில் அதிகாரம் இல்லாதவள் அதைத் தள்ளிவிடுகிறாள், இன்னொரு இடத்தில் அதிகாரத்தில் மிச்சமிருப்பதே அது ஒன்றுதான்.

முதல் பகுதியில் கொலைகாரன் யார் என்பது பெரிய மர்மமில்லை. சந்தேகத்துக்குரியவன் ஜார்ஜ் மார்லோ (ஜான் போ) என்பது சீக்கிரமே தெரிந்துவிடும். அதை நிரூபிக்க முடியுமா என்பதுதான் 200 நிமிடத்தையும் இழுத்துப் பிடிக்கிறது. அதனால் விசாரணை அறைக் காட்சிகள் நீளமானவை. பேசுபவரைவிடக் கேட்பவர் முகத்தில் கேமரா அதிகம் நிற்கும், கேட்பவர் பெரும்பாலும் மிரன். மார்லோவோடு வாழும் மொய்ராவாக ஜோயி வனமேக்கர் வரும் காட்சிகளில், எதிரே இருப்பவளிடம் இரக்கம் காட்டினால் உண்மை வருமா, காட்டாமல் இருந்தால் வருமா என்று டெனிசன் மனதுக்குள் போடும் கணக்கு கண்ணிமையில் தெரிகிறது. ரேல்ஃப் ஃபைன்ஸ் ஒரு சின்ன வேடத்தில் தலைகாட்டுவதும் இங்கேதான்.

இதை ஐ.டி.வி. 1991 ஏப்ரல் 7, 8 என்று அடுத்தடுத்த இரவுகளில் ஒளிபரப்பியது. நீங்களும் அப்படியே பாருங்கள். ஒரே மூச்சில் பார்த்தால் விசாரணை அறைகள் ஒன்றோடொன்று குழம்பும். வாரக்கணக்கில் இடைவெளி விட்டால் பெயர்கள் மறந்துபோகும்.

இரண்டாம் பகுதி (1992) லண்டனில் கரீபிய வம்சாவளியினர் வாழும் பகுதியில் ஒரு வீட்டுத் தோட்டத்தில் கிடைக்கும் எலும்புக்கூட்டில் தொடங்குகிறது. போலீசுக்குள்ளேயே இருக்கும் நிறவெறிதான் பொருள். ஆலன் கியூபிட் எழுதியது. நன்றாகவே இருக்கிறது, ஆனால் மூன்றாம் பகுதியின் அருகில் வைத்தால் நிறம் குறைந்துவிடும்.

மூன்றாம் பகுதி (1993) இந்தப் பெட்டியின் உச்சம். லா பிளான்ட் மறுபடி எழுதினார், டேவிட் டுரூரி இயக்கினார். லண்டன் சோஹோவில் உடலை விற்றுப் பிழைக்கும் சிறுவர்களைப் பற்றியது. ஒரு பையன் தீயில் கருகி இறக்கிறான், அந்த வீடு வேரா ரெனால்ட்ஸ் என்ற மேடைக் கலைஞருடையது. வேராவாக பீட்டர் கபால்டி. கூடவே டேவிட் தியூலிஸ், கியாரன் ஹைண்ட்ஸ், மார்க் ஸ்ட்ராங், ஜானி லீ மில்லர். பின்னாளில் பெரிய பெயர்களான இத்தனை பேரும் ஒரே வழக்கில்! டாம் பெல்லின் ஆட்லியும் திரும்பி வருகிறார். குழந்தைகள் மீதான பாலியல் கொடுமை கதையின் மையமாக இருப்பதால் வீட்டில் சிறுவர்கள் இருக்கும்போது இந்த டிஸ்க்கைப் போடாதீர்கள். இறந்த உடல்களின் நிழற்படங்கள் எல்லாப் பகுதிகளிலும் பலகையில் ஒட்டியிருக்கும் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

இந்த மூன்று பகுதிகளுக்காக 1992, 1993, 1994 என்று தொடர்ந்து மூன்று ஆண்டுகள் சிறந்த தொலைக்காட்சி நடிகைக்கான பிரிட்டிஷ் விருதான பாஃப்டா மிரனுக்குக் கிடைத்தது. இதே காலத்தில்தான் சினிமாவில் ‘தி மேட்னஸ் ஆஃப் கிங் ஜார்ஜ்’ (1994) வந்து, கான் திரைப்பட விழாவில் இரண்டாவது முறையாகச் சிறந்த நடிகை விருதும் முதல் ஆஸ்கர் பரிந்துரையும் வாங்கித் தந்தது.

நான்காம் பகுதி (1995) தடுமாறுகிறது. இரண்டு இரவில் ஒரு வழக்கு என்பதை மாற்றி, ஒரு படத்துக்கு ஒரு வழக்கு என்று மூன்று எடுத்தார்கள். 100 நிமிடத்தில் வழக்கும் முடிய வேண்டும், டெனிசனின் வாழ்க்கையும் நகர வேண்டும் என்றால் ஏதாவது ஒன்று அவசரப்படத்தான் செய்யும். ‘தி லாஸ்ட் சைல்ட்’ பரவாயில்லை, ‘இன்னர் சர்க்கிள்ஸ்’ இந்தப் பெட்டியிலேயே பலவீனமானது. மூன்றாவதான ‘தி சென்ட் ஆஃப் டார்க்னஸ்’ முதல் பகுதியின் மார்லோ வழக்கைத் தோண்டி எடுக்கிறது. மார்லோவாக இங்கே வருவது வேறு நடிகர், டிம் உட்வர்ட். முதல் பகுதியைப் பார்த்த சூட்டோடு இதைப் பார்ப்பவர்கள் குழம்புகிறார்கள். ஆள் மாறியது தெரிந்துகொண்டு உட்கார்ந்தால் சிக்கலில்லை. தான் பிடித்தவன் தவறான ஆளோ என்ற ஐயம் டெனிசனை அரிக்க அரிக்க, மிரன் அதை வாயால் சொல்லாமலே காட்டுகிறார். 1996-ல் அவருக்கு முதல் எம்மி (அமெரிக்கத் தொலைக்காட்சி விருது) இதற்குத்தான். அதனால் நான்காம் பகுதியை ஒதுக்க நினைப்பவர்களும் இந்த ஒரு படத்தை ஒதுக்கக் கூடாது, முதல் பகுதிக்கு முன்னால் பார்க்கவும் கூடாது.

ஐந்தாம் பகுதி (1996) மான்செஸ்டரில் நடக்கிறது. ‘தி ஸ்ட்ரீட்’ என்று பெயர் சூட்டிக்கொண்ட போதைமருந்துக் கும்பல் தலைவனாக ஸ்டீவன் மெக்கின்டாஷ். மிரனோடு நேருக்கு நேர் மோதும் நடிகர் கிடைத்தால் தொடர் எப்படி நிமிர்ந்து உட்காருகிறது என்பதற்கு அவர் சான்று.

பிறகு ஏழு ஆண்டுகள் இடைவெளி. 2003-ல் வந்த ஆறாம் பகுதியின் இயக்குநர் டாம் ஹூப்பர், பின்னாளில் ‘தி கிங்ஸ் ஸ்பீச்’ எடுத்தவர். போஸ்னியப் போரிலிருந்து தப்பி வந்த பெண்கள் லண்டனில் கொல்லப்படுகிறார்கள். திரை அகலமாகிறது, வெளிச்சம் குறைகிறது. மூன்றாம் பகுதியில் டெனிசனுக்குக் கீழே இன்ஸ்பெக்டராக இருந்த லாரி ஹால் (மார்க் ஸ்ட்ராங்) இப்போது அவருக்கு மேலதிகாரி. பகுதிகளைத் தாண்டித் தாண்டிப் பார்ப்பவர்கள் இழப்பது இந்த மாதிரி இடங்களை.

ஏழாம் பகுதி, ‘தி ஃபைனல் ஆக்ட்’ (2006). ஃபிராங்க் டீஸி எழுதி, ஃபிலிப் மார்ட்டின் இயக்கியது. பணி ஓய்வுக்கு நாள் எண்ணும் டெனிசன் குடிக்கு அடிமையாகிவிட்டார். தந்தை மரணப் படுக்கையில். ஒரு சிறுமி காணாமல் போகிறாள். குடியை விடுவதற்கான கூட்டத்துக்குப் போகும் இடத்தில் எதிரே பழைய ஆட்லி. ஒரு காலத்தில் டெனிசனை ஓட ஓட விரட்டியவர், இப்போது மெலிந்து ஒடுங்கிப் போய் மன்னிப்புக் கேட்கிறார். டாம் பெல் 2006 அக்டோபர் 4 அன்று காலமானார், முதல் பாதி ஒளிபரப்பானது 15 அன்று. முதல் பகுதியின் ஆட்லியை நினைவில் வைத்திருந்தால்தான் இந்தக் காட்சி தொண்டையை அடைக்கும். மிரன் அதில் அழுவதில்லை, பதிலுக்கு அறிவுரையும் சொல்வதில்லை. வெட்கமும் பழைய கோபமும் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு முகத்தில் வந்து வந்து போகின்றன. இதற்கு 2007-ல் மறுபடியும் எம்மி. அதே ஆண்டுதான் ‘தி குயின்’ படத்துக்கு ஆஸ்கர். அதற்கு முந்தைய ஆண்டு, ஹூப்பரே இயக்கிய முதலாம் எலிசபெத் தொடருக்கு ஓர் எம்மி. 60 வயதைத் தாண்டிய நடிகை இரண்டு எலிசபெத்களையும் ஒரு குடிகார போலீஸ் அதிகாரியையும் ஏறக்குறைய ஒரே காலகட்டத்தில் நடித்து முடித்திருக்கிறார்!

பெட்டியோடு சேர்த்துப் பார்க்க நான்கு படங்கள் போதும். ‘தி லாங் குட் ஃப்ரைடே’ (1980): தாதாவின் காதலி வேடம் சப்பென்று இருந்ததால் அதை வலுவாக்கச் சொல்லி மிரனே வற்புறுத்தி மாற்ற வைத்தது. டெனிசனின் விதை அங்கே கிடக்கிறது. ‘கால்’ (1984): வட அயர்லாந்து விதவை, கான் விழாவின் முதல் விருது. அடுத்தது ‘தி குயின்’. நான்காவது, ‘தி ஹண்ட்ரட்-ஃபுட் ஜர்னி’ (2014). ஓம் பூரியோடு மல்லுக்கு நிற்கும் பிரெஞ்சு உணவக முதலாளி வேடம், இசை நம் ஏ.ஆர்.ரஹ்மான். மற்ற மூன்றோடு ஒப்பிட லேசான படம்தான், ஆனால் மூன்றாம் பகுதி பார்த்த மறுநாள் மனதுக்கு இதம் தேவைப்படும்.

பழைய பெட்டி வாங்குபவர்களுக்குக் கடைசியாக. ஒரே தண்டில் இரண்டு மூன்று டிஸ்க்கை அடுக்கும் வகைப் பெட்டியென்றால் அடியில் இருக்கும் டிஸ்க்கில்தான் கீறல் அதிகம், அதை முதலில் எடுத்துப் பாருங்கள். மையத்திலிருந்து விளிம்பு நோக்கி நேராகப் போகும் கீறலைப் பிளேயர் பெரும்பாலும் சமாளித்துவிடும், வட்டத்தோடு வட்டமாகப் போகும் கீறல்தான் படத்தை நிறுத்தும். துடைக்கும்போதும் மையத்திலிருந்து வெளியே துடைக்க வேண்டும். வெளிச்சத்துக்கு எதிரே பிடித்தால் ஊசிமுனைத் துளைகள் தெரிகிற டிஸ்க்கை வாங்க வேண்டாம். ஒவ்வொரு டிஸ்க்கையும் தொடக்கம், நடு, கடைசி 10 நிமிடம் என்று மூன்று இடத்தில் ஓடவிட்டுச் சோதியுங்கள். இரட்டை அடுக்கு டிவிடியில் தரவு முதல் அடுக்கில் உள்ளிருந்து வெளிநோக்கியும், இரண்டாம் அடுக்கில் பெரும்பாலும் திரும்ப உள்நோக்கியும் எழுதப்படுவதால், படத்தின் நடுப்பகுதிதான் விளிம்புக்குப் பக்கத்தில் வரும், விரல்பட்டுக் கெடுவதும் அங்கேதான். நடுவில் ஒரே ஒரு முறை அரை நொடி நின்று தொடர்ந்தால் அது அடுக்கு மாறும் இடம், கோளாறு இல்லை. அதே இடத்தில் சிக்கிக்கொண்டால் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். 15 படமும் வேண்டாம், பணமும் நேரமும் குறைவு என்றால் 1, 3, 7 பகுதிகளைத் தனித்தனியாகத் தேடி, அந்த வரிசையிலேயே பாருங்கள்.